ஆவன செய்யப்படும்

எங்கள் ஊர் மாதா கோயிலில் பீடத்துக்கு வைத்திருந்த செவ்வந்திப் பூவை ஒரு நாள் ஆடு தின்றுவிட்டது. ஆடு செல்லம்மா வீட்டு ஆடு. பூவைக் கட்டி வைத்தது சவரியம்மா. வேறு ஊராக இருந்தால் இரண்டு பேரும் தெருவில் நின்று வாய் வலிக்க ஏசிவிட்டு, மறுநாள் காலை ஒரே வேனில் ஏறிப் பட்டாசுக் கம்பெனிக்குப் போயிருப்பார்கள். எங்கள் ஊரில் ஓய்வுபெற்ற பேராயர் ஒருவர் இருந்தார். ஆகவே அந்த ஆட்டுக்கு ஒரு கோப்பு திறக்கப்பட்டது.

“வாய்மொழிப் புகாரை நான் ஏற்பதில்லை. எழுத்தில் கொடுங்கள்” என்றார் அவர்.

“எழுதத் தெரிஞ்சா நான் எதுக்கு சாமி வெடிக்கு மருந்து அடைக்கப் போறேன்?” என்றாள் சவரியம்மா.

“தட்டச்சர் உதவுவார்.”

தட்டச்சர் என்றால் நான். எனக்கு ஆரோக்கியமேரி என்று ஞானஸ்நானத்தில் வைத்த பெயர் ஒன்று உண்டு. அவருக்கு வருஷக்கணக்கில் தட்டச்சு செய்தேன். அந்தப் பெயர் அவர் வாயில் ஒரே ஒரு தடவைதான் வந்தது. அது எப்போது என்று பிறகு சொல்கிறேன். முதலில் ஆட்டை முடித்துவிடுகிறேன்.

சவரியம்மா சொல்லச் சொல்லப் புகாரை அடித்தேன். ஆட்டின் நிறம் என்ன, கொம்பு உண்டா இல்லையா என்று கேட்டு இரண்டு தடவை திருப்பி அனுப்பினார். செல்லம்மாவிடம் விளக்கம் கேட்டுக் கடிதம் போனது. அவளுக்கும் எழுதத் தெரியாததால் அந்த விளக்கத்தையும் நானே அடித்தேன். ஆடு பூவைத் தின்றது பசியாலா, பழக்கத்தாலா என்று விசாரிக்க மூன்று பேர் குழு ஒன்று போட்டார். குழு இரண்டு முறை கூடி, அறிக்கை கொடுத்தது. அறிக்கையின் கீழே தன் அழகான கையெழுத்தில் ‘ஆவன செய்யப்படும்’ என்று எழுதிக் கையொப்பம் இட்டார். ஆயர்கள் கையொப்பம் இடும்போது பெயருக்கு முன்னால் சின்னதாக ஒரு சிலுவை போடுவது வழக்கம். அந்தச் சிலுவையும் ஆட்டு அறிக்கையில் விழுந்தது.

கிறிஸ்துமஸுக்குச் செல்லம்மா வீட்டில் அந்த ஆட்டை அடித்தார்கள். சவரியம்மா வீட்டுக்கும் ஒரு தூக்குவாளி குழம்பு போனது. கோப்பை முடித்துவிடலாமா என்று நான் கேட்டதற்கு, “புகார்தாரர் எழுத்தில் வாபஸ் வாங்கவில்லையே” என்றார். ஆடு செரித்த பிறகும் கோப்பு அப்படியே இருந்தது.

அவர் எங்கள் பக்கத்துக்காரர்தான். பதினாறு வயதில் குருமடத்துக்கு என்று வடக்கே போனவர், அங்கே எங்கேயோ குளிர்மலைப் பக்கம் பேராயராகி, எழுபத்தைந்து வயதானதும் விதிப்படி ராஜினாமாக் கடிதம் கொடுத்தார். அவர் வாழ்நாளில் எழுதிய விண்ணப்பங்களிலேயே உடனே முடிவு கிடைத்தது அது ஒன்றுக்குத்தான் என்று எங்கள் பங்குச்சாமியார் சொல்வார். ஓய்வுபெற்ற சாமியார்களுக்கு என்று இருக்கும் இல்லத்துக்குப் போகாமல், சாத்தூருக்கும் ஏழாயிரம்பண்ணைக்கும் நடுவில் கிடக்கும் எங்கள் ஊர்க் கோயிலை ஒட்டிய இரண்டு அறைக்கு வந்து சேர்ந்தார். கூடவே ஏழு டிரங்குப் பெட்டி இறங்கியது. பெரிய இடத்திலிருந்து வருகிறவர், உடுப்பும் பாத்திரமும் இருக்கும் என்று ஊரே எட்டிப் பார்த்தது. ஏழிலும் கடிதங்களின் பிரதிகள்.

எங்கள் பக்கம் ஆயரை ‘ஆண்டவரே’ என்றுதான் கூப்பிடுவோம். மேலே இருப்பவரையும் அப்படித்தான் கூப்பிடுகிறோம். விண்ணப்பம் இரண்டு இடத்திலும் ஒரே மாதிரிதான் கிடக்கும் என்பதால் யாருக்கும் குழப்பம் வந்ததில்லை. நேரில் பேசும்போது மட்டும் அவரைச் சாமி என்றே சொல்லிப் பழகிவிட்டோம்.

ஆண்டவர் வந்துவிட்டார், இனி கோயிலுக்குப் புது மணி வரும், ஊருக்குள் பஸ் வரும் என்று ஜனங்கள் பேசிக்கொண்டார்கள். சுற்றறிக்கை வந்தது. எண் ஒன்று, கோயில் வாசலில் செருப்பு விடும் முறை பற்றி. எண் இரண்டு, எண் ஒன்றைப் பின்பற்றாதது பற்றி. எண்பது வீட்டு ஊருக்கு, அதுவும் பாதிப்பேர் காலை ஆறு மணி வேனுக்கு ஓடுகிறவர்கள், அவர் ஒரு மறைமாநிலத்தை ஆள்வதுபோல் எழுதித் தள்ளினார். பங்குச்சாமியார் ஞாயிறு பூசைக்கு டவுனிலிருந்து வருவதற்குள் அவர் பெயருக்கு மூன்று கடிதம் காத்திருக்கும். பாவம், அந்த மனிதர் பூசை முடிந்ததும் பைக்கை உதைக்கிற வேகத்தைப் பார்க்க வேண்டும்.

நான் அவரிடம் மாட்டியது ஒரு தப்பினால். திருத்தங்கலில் ஒரு பிரஸ்ஸில் டிடிபி வேலை பார்த்தேன். பட்டாசுப் பெட்டி லேபிள்தான் எங்களுக்கு முக்கால்வாசி ஆர்டர். ஒரு நாள் பேராயர் முதலாளியைப் பார்க்க வந்தார். கடிதத் தாள் அச்சடிக்க வேண்டுமாம். முதலாளி இந்து. யார் அங்கி போட்டு வந்தாலும் எழுந்து நிற்கிறவர். “ஏம்மா, சாமிக்கு நல்லா பளிச்சுன்னு அடிச்சுக் குடுத்திரு. நம்ம பிரஸ்ஸு பேரு சொல்லணும்” என்றார்.

பேராயர்களுக்குக் கேடயம் மாதிரி ஒரு சின்னம் உண்டு. கேடயத்துக்குக் கீழே லத்தீனில் இரண்டு சொல். அர்த்தம் கேட்டேன். ‘பொறுத்திருங்கள்’ என்றார். அப்போதே நான் சுதாரித்திருக்க வேண்டும். சீசன் நேரம், தலைக்கு மேல் லோடு. புதிதாக வரைய நேரமில்லாமல், ஒரு ராக்கெட் லேபிளைத் திறந்து ராக்கெட்டை எடுத்துவிட்டு அந்த இடத்தில் கேடயத்தை வைத்தேன். பின்னால் இருந்த சிவப்பும் மஞ்சளுமான கதிர்கள் முதலாளிக்குப் பிடித்துப்போனதால் அவை அப்படியே இருந்தன. அடியில் பொடி எழுத்தில் இருந்த ஒரு வரியையும் நான் எடுக்க மறந்துவிட்டேன். இரண்டாயிரம் தாள் அடித்து, கட்டு கட்டிக் கொடுத்தும் ஆயிற்று.

பெரியவர்கள் முன்னிலையில் மட்டும் கொளுத்தவும்.

அந்தத் தாளில் மூன்று ஆயர்களுக்குக் கடிதம் போய்விட்டது. ஒருவர் அவருடைய பழைய சிநேகிதராம். ‘தங்கள் கடிதத்தைப் பெரியவர்கள் முன்னிலையில் பத்திரமாகத் திறந்தோம்’ என்று பதில் எழுதியிருந்தார். பேராயர் மறுபடி பிரஸ்ஸுக்கு வந்தார். கத்துவார் என்று பயந்தேன். “எழுத்தில் விளக்கம் கொடுங்கள்” என்றார். ‘லேபிள் வேலைப் பழக்கத்தில் விட்டுப்போயிற்று, மன்னிக்கவும்’ என்று அடித்துக் கொடுத்தேன். அதில் ஒரு காற்புள்ளியைச் சேர்த்து மறுபடி அடிக்கச் சொன்னார். பிறகு, “அச்சடித்தது அச்சடித்ததுதான். தீரும்வரை பயன்படுத்துவோம். தாங்கள் எந்த ஊர்?” என்றார். ஊரைச் சொன்னேன். அடுத்த ஞாயிற்றுக்கிழமையிலிருந்து அவருடைய தட்டச்சு இயந்திரத்தின் முன்னால் உட்கார்ந்திருந்தேன்.

புண்ணியத்துக்குப் போனேன் என்று யாரும் நினைக்க வேண்டாம். எனக்கு ஒரு வேலை ஆக வேண்டியிருந்தது.

தீபாவளி முடிந்து கம்பெனிகள் மூடிக் கிடக்கும் நாட்கள்தான் எங்கள் பக்கம் கல்யாண சீசன். என் கல்யாணமும் அப்படி ஒரு சீசனில் பத்தே நாளில் பேசி முடித்தது. மாப்பிள்ளைக்குத் திருப்பூரில் ஏற்கெனவே ஒரு பெண்ணும் பிள்ளையும் இருந்தது எனக்கு நாலாவது மாதம் தெரிந்தது. அந்தப் பெண்ணை இருக்கன்குடி மாரியம்மன் கோயிலுக்குக் கூட்டி வந்து தாலி கட்டியிருந்தான். அஞ்சாவது மாதம் அவளிடமே திரும்பப் போய்விட்டான். ஸ்ரீவில்லிபுத்தூர் கோர்ட்டில் இரண்டு பேரும் சம்மதித்துக் கையெழுத்துப் போட்டோம். அரசாங்கம் என்னை விட்டுவிட்டது. திருச்சபைதான் விடவில்லை.

எங்கள் சபையில் விவாகரத்து கிடையாது. அந்தக் கல்யாணம் ஆரம்பத்திலிருந்தே செல்லாது என்று சபையின் நீதிமன்றம் தீர்ப்பு எழுதினால்தான் மறுபடி கோயிலில் கல்யாணம் பண்ணலாம். ஒரு நீதிமன்றம் சொன்னால் போதாது. வேறு மறைமாவட்டத்தில் இன்னொரு நீதிமன்றமும் அதையே சொல்ல வேண்டும். முதலாவது சொல்லிவிட்டது. இரண்டாவதில் என் கோப்பு மூன்று வருஷமாகக் கிடந்தது.

“அவனுக்குத்தான் முன்னாலயே கல்யாணம் ஆயிருச்சே சாமி. இதுல விசாரிக்க என்ன இருக்கு?” என்று ஒரு நாள் கேட்டேன்.

“கத்தோலிக்கன் ஒருவன் நம் கோயிலுக்கு வெளியே கட்டும் தாலியைத் திருச்சபை திருமணமாகக் கருதுவதில்லை.”

“அப்ப கூட இருக்கவ பொண்டாட்டி இல்ல. விட்டுட்டுப் போனானே, நாந்தான் பொண்டாட்டியா?”

“தற்போதைய நிலையில், ஆம்” என்றார். கொஞ்சமும் சிரிக்காமல் சொன்னார்.

அவருக்கு இந்தச் சட்டமெல்லாம் தண்ணீர் பட்ட பாடு. குருப்பட்டம் வாங்கிய மறுவருஷமே அங்கிருந்த ஆயருக்குச் செயலர் ஆனவர். கையெழுத்து அழகாக இருந்ததாம். பிறகு செயலகத்தின் தலைவர், பிறகு திருமண நீதிமன்றத்தில் நீதிபதி, பிறகு ஆயர், பிறகு பேராயர். எந்த ஊரிலும் பங்குச்சாமியாராக முழுசாக ஒரு வருஷம் இருந்ததில்லை. “நாற்பது வருடத்தில் நான் எடுத்த முடிவு ஒன்றுகூடத் தவறானதில்லை” என்பார். உண்மைதான். எடுத்திருந்தால்தானே தவறாகும். ஆஸ்துமாக்கார சாமியார் ஒருவர் குளிர்மலையிலிருந்து மாற்றல் கேட்டாராம். ஒரு மருத்துவச் சான்று, அதை உறுதிசெய்ய இரண்டாவது சான்று, இரண்டும் ஒத்துப்போகிறது என்று மூன்றாவது சான்று என்று வாங்கி முடிப்பதற்குள் சாமியாருக்கு மலை பழகிவிட்டது. “அவசரப்பட்டிருந்தால் தேவையில்லாத ஒரு மாற்றல் நடந்திருக்கும்” என்று அதைப் பெருமையாகச் சொல்வார். முடிவெடுத்தவனுக்கு விரோதி உண்டாகும், எடுக்காதவனுக்குப் பதவி உயர்வு உண்டாகும் என்பதை நான் அவரிடம்தான் தெரிந்துகொண்டேன்.

என் கோப்பை வாங்கி முழுவதும் படித்தார். “நன்றாக எழுதப்பட்டிருக்கிறது” என்றார், என்னவோ நான் கதை எழுதிக் கொடுத்தது மாதிரி. இரண்டாவது நீதிமன்றத்துக்கு ஒரு நினைவூட்டல் எழுதுவதாக ஒப்புக்கொண்டார். முதல் பிரதி அடித்தேன். ‘வேண்டுகிறேன்’ என்பதை ‘வேண்டிக்கொள்கிறேன்’ என்று மாற்றினார். அடுத்த ஞாயிறு அதைத் திரும்ப ‘வேண்டுகிறேன்’ ஆக்கினார். ஏழு பிரதி, மூன்று மாதம், ஒரு கடிதம். அதற்குப் பதிலும் வந்தது. ‘தங்கள் கடிதம் கிடைக்கப்பெற்றோம். ஆவன செய்யப்படும்.’

“நல்ல பதில்” என்றார்.

“இதுல என்ன சாமி நல்லது?”

“இதைவிடக் கவனமாக ஒருவர் பதில் எழுத முடியாது.”

அவர் என்னைக் கேலி செய்யவில்லை. உண்மையாகவே ரசித்தார். அதுதான் எனக்கு ஆத்திரமாக வந்தது.

என் அவசரத்துக்குக் காரணம் முருகேசன். எங்கள் பிரஸ்ஸில் கட்டிங் மிஷின் ஓட்டியவர், மனைவி இறந்து நாலு வருஷம் ஆனவர், இந்து. “நீ சர்ச்சுக்கு வான்னாலும் வாரேன், ரிஜிஸ்டர் ஆபீசுக்கு வான்னாலும் வாரேன்” என்று அவர் சொல்லிவிட்டார். வருஷம் தவறாமல் இருக்கன்குடியில் அக்னிச்சட்டி எடுக்கிற அவருடைய அம்மாவுக்கு அம்புட்டுப் பொறுமை இல்லை. “தைக்குள்ள முடிக்கணும். இல்லேன்னா சாத்தூர்ல ஒரு பிள்ளையப் பாத்து வச்சிருக்கேன்” என்று ஆள்விட்டுச் சொல்லி அனுப்பினார்கள். ரிஜிஸ்டர் ஆபீசுக்குப் போனால் எனக்குப் பூசையில் நற்கருணை அப்பம் கிடையாது. திருவிழாவில் எல்லாரும் எழுந்து வரிசையில் போகும்போது நான் பெஞ்சில் உட்கார்ந்திருக்க வேண்டும். அம்மா அதைச் சாவு மாதிரி நினைத்தாள். எனக்கும் அது வலிக்கும் என்று தெரியும். கோயிலும் வேண்டும், முருகேசனும் வேண்டும் என்று நினைத்ததுதான் நான் செய்த தப்பு.

மார்கழியில் ஒரு ஞாயிறு மத்தியானம், எட்டாவது நினைவூட்டலின் நாலாவது பிரதி. ‘மேற்படி பொருள் தொடர்பாக’ என்பதை அடித்துவிட்டு ‘மேற்குறித்த பொருள் தொடர்பாக’ என்று போடச் சொன்னார். நான் கையை எடுத்துவிட்டேன்.

“சாமி, நீங்க ஜட்ஜா இருக்கயில என்னய மாதிரி எம்புட்டுப் பேரு காத்துக் கெடந்திருப்பாக?”

பதில் வராது என்று நினைத்தேன். எழுந்து போய் மூன்றாவது பெட்டியைத் திறந்தார். தேடவே இல்லை, கை நேராகப் போய் ஒரு கோப்பை எடுத்தது. அட்டை முழுக்க முத்திரை.

“ஒரு செவிலி. மலைக் கிராமத்தில் வேலை. மாதம் ஒரு முறை இறங்கி வருவார். வரவேற்பறையில் மாலைவரை உட்கார்ந்திருப்பார். நான் பின்வாசல் வழியாகப் போய்விடுவேன். பதினோரு வருடம். பிறகு வருவதை நிறுத்திவிட்டார்.”

“என்ன ஆச்சு அவுகளுக்கு?”

“தெரியாது. கோப்பில் இல்லை.”

“பேரு என்ன?”

அவர் அட்டையைத் திருப்பிப் பார்த்தார். பதினோரு வருஷம் வெளியே உட்கார்ந்திருந்தவளின் பெயரைச் சொல்ல அவருக்கு அட்டை தேவைப்பட்டது.

“என் பேராவது தெரியுமா சாமி உங்களுக்கு?” என்று கேட்டேன். அவர் கோப்பின் நாடாவைக் கட்டத் தொடங்கினார். நான் இயந்திரத்தை மூடிவிட்டு வெளியே வந்தேன். அந்த வாரமே நானும் முருகேசனும் விருதுநகர் ரிஜிஸ்டர் ஆபீசில் நோட்டீஸ் கொடுத்தோம்.

எங்கள் ஊரில் எந்தச் சேதிதான் ஒரு வேன் தூரத்தைத் தாண்டாமல் இருந்திருக்கிறது. மூன்றாம் நாள் சவரியம்மா பேராயர் எழுதிய ஒரு துண்டுச் சீட்டுடன் வந்தாள். ‘அரசுத் திருமண விண்ணப்பப் படிவத்தின் பிரதி ஒன்று பார்வைக்குத் தேவை.’ புத்தி சொல்லுவார், சாபம் கொடுப்பார் என்றெல்லாம் நான் தயாராக இருந்தேன். அந்த மனிதருக்குப் படிவம் வேண்டுமாம். கோபத்தில் ஒரு பிரதியைக் கொடுத்தனுப்பினேன். இரண்டு இடத்தில் பென்சிலால் திருத்தம் போட்டுத் திருப்பி அனுப்பினார்.

தை கடைசி வாரம். அம்மா “எனக்கு ஒண்ணுந் தெரியாது, நீயாச்சு ஒன் பாடாச்சு” என்று சொல்லிக்கொண்டே எனக்குத் தலைவாரிப் பூ வைத்துவிட்டு, கோயிலுக்குள் போய் உட்கார்ந்துகொண்டாள். வாடகைக் கார் கோயிலைத் தாண்டும்போது வாசலில் பேராயர் நின்றார். வேட்டி, வெள்ளை ஜிப்பா, கையில் குடை. மோதிரத்தைத் தவிர ஆண்டவருக்கான அடையாளம் ஒன்றுமில்லை. கை காட்டிக் காரை நிறுத்தி முன் சீட்டில் ஏறினார்.

“நடைமுறையைப் பார்க்க வேண்டும்” என்றார்.

ரிஜிஸ்டர் ஆபீசில் அவருக்குத் திருவிழாவாகத்தான் இருந்தது. பலகையில் ஒட்டியிருந்த எங்கள் நோட்டீஸைக் கைகட்டி நின்று படித்தார். ஆட்சேபணை இருந்தால் முப்பது நாளுக்குள் தெரிவிக்க வேண்டும் என்ற வரியைப் பார்த்து, “நாம் மூன்று ஞாயிறு பூசையில் கல்யாண ஓலை வாசிக்கிறோம். இவர்கள் கூடுதலாகத்தான் கொடுக்கிறார்கள்” என்றார். மூன்று சாட்சி வேண்டும் என்று தெரிந்ததும் அவருக்குத் தாங்கவில்லை. “மூன்று! நாம் இரண்டோடு விட்டுவிட்டோம்” என்று முருகேசனின் அண்ணனிடம் வருத்தப்பட்டார். அண்ணனுக்கு ஒன்றும் புரியாமல், “ஆமாங்க சாமி” என்றார்.

அந்த மூன்றில்தான் சிக்கல் வந்தது. முருகேசனின் அண்ணன் ஒரு சாட்சி. எங்கள் பிரஸ் ஃபோர்மேன் ஒரு சாட்சி. மூன்றாவது என் சித்தி மகன், எங்கள் கோயிலில் மணியடித்து எடுபிடி பார்க்கும் கோயில்பிள்ளை; மாதா மேல் ஆணையிட்டு வருகிறேன் என்றவன். பதினொரு மணி ஆயிற்று, பன்னிரண்டு ஆயிற்று, ஆளைக் காணோம். ஒரு ரூபாய்ப் பெட்டியிலிருந்து அவன் வீட்டுக்குப் பக்கத்துக் கடைக்குப் போன் போட்டோம். பங்குச்சாமியார் என்ன சொல்வாரோ என்று பயந்து காலையிலேயே கிளம்பி எங்கேயோ போய்விட்டான் என்று கடைக்காரர் சொன்னார்.

“இன்னிக்கு விட்டா இனி அடுத்த மாசந்தான். நாளையில இருந்து ரிஜிஸ்ட்ரார் ஐயாவுக்குத் தேர்தல் டூட்டி” என்றார் எழுத்தர். முருகேசனின் அண்ணன் என் முகத்தைப் பார்க்காமல் செருப்பைப் பார்த்தார். தை முடிய நாலு நாள் இருந்தது.

“எங்கலே போனான் அவன்?” என்று ஒரு குரல். திரும்பிப் பார்த்தேன். பேராயர்தான். அவ்வளவு நாளில் அவர் வாயிலிருந்து எங்கள் ஊர்ப் பேச்சு வந்து நான் கேட்டதில்லை. அவருக்கே அது புதிதாக இருந்திருக்க வேண்டும், தொண்டையைச் செருமிக்கொண்டார். பலகையில் இருந்த நோட்டீஸை இன்னொரு தடவை படித்தார். பிறகு குடையைச் சுவரில் சாய்த்தார்.

“ஆரோக்கியமேரி, சாட்சி எந்த இடத்தில் கையொப்பம் இட வேண்டும்?” என்றார்.

எழுத்தர் பெயரும் ஊரும் கேட்டு எழுதிக்கொண்டார்.

“வயசு?”

“எழுபத்தெட்டு.”

“தொழில்?”

“ஓய்வு.”

“என்ன வேலைல இருந்தீக?”

“நிர்வாகம்.”

“எந்தக் கம்பெனி?”

பேராயர் யோசித்தார். அவர் பொய் சொல்லி நான் பார்த்ததில்லை. “தலைமை அலுவலகம் ரோமில்” என்றார்.

“வெளிநாட்டுக் கம்பெனி” என்று எழுத்தர் முணுமுணுத்துக்கொண்டே எழுதினார்.

கையொப்பம் போட்டுக் காகிதத்தைத் தள்ளினார். எழுத்தர் அதைப் பார்த்துவிட்டு அவரை நிமிர்ந்து பார்த்தார். “என்ன பெரியவரே, கீறல் போட்டிருக்கீக? எழுதத் தெரியாதுன்னா சொல்லுங்க, கைரேகை வச்சுக்கிருவோம்.”

பெயருக்கு முன்னால் வழக்கம்போலச் சிலுவை.

“எழுதத் தெரியும்” என்றார் பேராயர்.

“அப்ப அத அடிச்சிட்டுப் பேர மட்டும் எழுதுங்க. ஐயா கேப்பாக.”

அவர் பேனாவைத் தூக்கிப் பிடித்தபடி நின்றார். அந்தச் சிலுவையைப் போடத் தொடங்கி முப்பது வருஷத்துக்கு மேல் இருக்கும். ஆட்டுக்குக்கூட போட்டிருக்கிறார். இதோடு விட்டுவிடுவார், ‘பரிசீலிக்க வேண்டும்’ என்று சொல்லிக் குடையை எடுத்துவிடுவார் என்றுதான் நினைத்தேன். ஒரே கோடாகச் சிலுவையை அடித்தார். கீழே பெயரை மட்டும் எழுதினார். அடித்தல் திருத்தல் இருந்தால் பக்கத்தில் சுருக்கொப்பம் வேண்டும் என்று எழுத்தருக்கு அவரே சொல்லி, அதையும் போட்டார். நான் அழுதுவிட்டேன். அத்தனை வருஷ ஆத்திரம் அது, அவர் மேல் இருந்த பாசமும்தான்.

அவர் எங்களை ஆசீர்வதிக்கவில்லை. கையை உயர்த்தக்கூட இல்லை. திரும்பி வரும்போது கோயில் வாசலில் இறங்கிக்கொண்டு, “நான் இதை ஆமோதிக்கவில்லை என்பதைப் பதிவு செய்துகொள்ளவும்” என்றார்.

“சரி சாமி.”

“ஞாயிற்றுக்கிழமை வர வேண்டும். இரண்டு கடிதம் இருக்கிறது.”

இரண்டையும் அவர் சொல்லச் சொல்ல அடித்தேன். முதலாவது எங்கள் ஆயருக்கு. ‘கத்தோலிக்கப் பெண் ஒருவரின் பதிவுத் திருமணத்தில் சாட்சியாகக் கையொப்பமிட்டேன். விதிகளை அறிந்தே செய்தேன். தக்க நடவடிக்கை எடுக்கவும்.’ இரண்டாவது வடக்கே, அவர் ஆண்ட பழைய மறைமாநிலத்துக்கு, ஆங்கிலத்தில். மலையில் வேலை பார்த்த செவிலி ஒருவரின் பெயர், கோப்பு எண். ‘இவர் எங்கே இருக்கிறார், எப்படி இருக்கிறார் என்று விசாரித்துத் தெரிவிக்கவும். தாமதத்துக்கு நானே காரணம். நேரில் வந்து மன்னிப்புக் கேட்க விரும்புகிறேன்.’ இந்தத் தடவை பெயரைச் சொல்ல அட்டையை எடுக்கவில்லை.

இரண்டாவது பிரதிக்குத் தாளைச் சொருகினேன். “போதும். தபாலில் சேர்த்துவிடு” என்றார். முதல் பிரதியே போனது. அடியில் அந்தப் பொடி எழுத்து வரியோடு.

ஐந்து வாரம் கழித்து ஆயர் இல்லத்திலிருந்து பதில் வந்தது. பதவியைப் பிடுங்குவார்கள், ரோமுக்கு எழுதுவார்கள் என்று பங்குச்சாமியார் பார்க்கிறவர்களிடமெல்லாம் சொல்லிவைத்திருந்தார். நான் பயந்துகொண்டே பிரித்துக் கொடுத்தேன். ‘தங்கள் கடிதம் கிடைக்கப்பெற்றோம். ஆவன செய்யப்படும்.’

அவர் சிரித்தார். அப்படிச் சிரிப்பார் என்று எனக்குத் தெரியாது. இருமல் வந்து தண்ணீர் கொடுக்க வேண்டியதாயிற்று.

“கோப்பில் வை” என்றார்.

“எந்தக் கோப்புல சாமி?”

“ஆட்டுக் கோப்பில்.”

அதன்மேல் யாரும் ஒரு நடவடிக்கையும் எடுக்கவில்லை. எடுக்க மாட்டார்கள் என்று அவரைவிட யாருக்குத் தெரியும்.

அடுத்த மாதம் வடக்கேயிருந்து பதில் வந்தது. ஆங்கிலத்தில் அதே இரண்டு வரி. கடிதம் கிடைத்தது, ஆவன செய்யப்படும். அதைப் படித்துவிட்டு அவர் சிரிக்கவில்லை. எந்தக் கோப்பில் வைப்பது என்று கேட்டேன். அவர் அதை மடித்து ஜிப்பாப் பையில் போட்டுக்கொண்டார். பிறகு மாதம் தவறாமல் ஒரு நினைவூட்டல் அடிக்கச் சொன்னார். எட்டாவது அடிக்கும்போது, “அந்த அம்மாள் எப்படித்தான் பதினோரு வருடம் வந்தாரோ” என்றார். அவர் யாரிடமும் கேட்ட கேள்வி இல்லை அது.

பத்தொன்பதாவது நினைவூட்டலுக்குப் பிறகு இறந்துபோனார். எங்கே அடக்கம் செய்வது என்று இங்கிருந்தும் வடக்கிருந்தும் மூன்று அலுவலகங்கள் பேக்ஸ் அனுப்பிக்கொண்டிருந்ததில், ஐஸ் பெட்டிக்குள் ஒரு நாள் கூடுதலாகக் காத்திருந்தார். எனக்கு அழுகையோடு சிரிப்பும் வந்தது. கடைசியில் வடக்கே கொண்டுபோனார்கள்.

என் வழக்கிலும் தீர்ப்பு வந்தது. முதல் கல்யாணம் செல்லாது என்று இரண்டாவது நீதிமன்றமும் ஒப்புக்கொண்டது. அந்தக் கடிதத்தை வாங்கும்போது என் மகள் எல்.கே.ஜி. சீருடையில் தபால்காரரிடம் பேனா கேட்டுக்கொண்டிருந்தாள். முருகேசனைக் கோயிலுக்குக் கூட்டிப்போய் மறுபடி ஒரு தடவை கட்டிக்கொண்டேன். இப்போது நானும் வரிசையில் போகிறேன்.

அவருடைய அறையைக் காலி செய்தபோது மிச்சம் இருந்த கடிதத் தாளை என்னிடம் கொடுத்துவிட்டார்கள். ஒரு தாளை எடுத்து, நினைவூட்டல் இருபது என்று போட்டு, அந்தச் செவிலியின் பெயரை எழுதி, அவர் சொல்லிக்கொடுத்த அதே வாசகத்தை அடித்தேன். கையொப்பம் என்னுடையது; அனுப்பி மூன்று வாரம் கழித்துப் பதில் வந்தது, அதே இரண்டு வரி. அடுத்த மாதம் இருபத்தொன்று அனுப்பினேன். தாள் இன்னும் நிறைய இருக்கிறது.